வைரத்தின் பண்டை விலை

தோற்றுவாய்

ஒரு பொருளுக்கு இன்றுள்ள விலையை அறிய வேண்டுவோர் கடைத்தெருவிற்குச் சென்று வினவினால் போதும். அப்பொருளுக்கு முன்னொரு காலத்திருந்த விலையை அறிய வேண்டுவோர்க்கோ கடையுமில்லை, கடைக்காரனுமில்லை. எஞ்சியிருப்பது பழைய ஏடு ஒன்றே. அவ்வேட்டில் எழுதப்பட்ட தொகையை அவ்வாறே விலையென்று கொள்ளலாமோ என்பதே இக்கட்டுரையில் யாம் ஆராயப் புகுந்த பொருள்.

இவ்வாராய்ச்சிக்கு ஏதுவாயிற்று ஒரு வழக்கு. சென்ற தை மாதத்தில் நம் சங்கத்து அன்பர் இருவர், இராயபுரத்திலுள்ள எம் இல்லத்திற்கு ஒரு பழைய பாகப்பத்திரத்துடன் வந்தனர். இருவரும் ஒரே கொடிவழியினர். ஒருவர் தமையன் வழிப் பேரர், மற்றவர் தங்கை வழிப் பேரர். பத்திரம் 1936ஆம் ஆண்டினது. அதில் தமையன்மார் இருவரும் வீட்டையும் கடையையும் தமக்குள் பகிர்ந்துகொண்டு, உடன்பிறந்தாளுக்கு வைரத்தோடு ஜோடி ஒன்று கொடுத்ததாகவும், அதன் மதிப்பு ரூபாய் 600 என்றும் ஒரே வரியில் எழுதி முடித்திருந்தனர். அத்தோடு இன்று எவரிடத்தும் இல்லை. அவ்வம்மையார் காலத்திலேயே குடும்பத்தின் முடைக்கு விற்கப்பட்டது.

தமையன் வழியார் கூறுவது, “அத்தோடு அந்நாளில் வீட்டுக்கே ஈடானது; எங்கள் பாட்டனார் குறைத்தே எழுதினார்” என்பது. தங்கை வழியார் கூறுவது, “அறுநூறு என்றது ஏற்றி எழுதிய கணக்கு, எங்கள் பாட்டியாரை ஏய்த்தனர்” என்பது. இதுபற்றி நெடுங்காலமாக ஒருவர் இல்லத்துத் திருமணத்தில் மற்றவர் கைந்நனைப்பதில்லை. “ஐயா, பழங்கணக்கு அறிந்தவர் தாங்கள். அன்றைய உண்மை விலை இன்னதென்று ஒரு சொல் சொல்லுங்கள், இருவேமும் கட்டுப்படுகிறோம்” என்றனர்.

யாம் அன்று ஒரு பிழை செய்தோம். அதனை மறையாது கூறுதலே முறை. எழுதுகோலை எடுத்து, 1936இல் ஒரு சவரனுக்கு இருந்த விலைக்கு இன்றைய விலை எத்தனை மடங்கோ அத்தனை மடங்கு அறுநூறைப் பெருக்கி, ஒரு தொகையைச் சொல்லிவிட்டோம். வழக்குத் தணியவில்லை, முன்னினும் மூண்டது. அதன் பின்னரே, வைரத்தின் விலையைப் பண்டையோர் எவ்வாறு கணித்தனர் என்பதை நூல்களிற் காணத் தொடங்கினோம்.

நம் ஊரிற் கைம்மாறிய கல்

இதற்குச் சிறந்த எடுத்துக்காட்டு தேடி யாம் கோல்கொண்டாவுக்குப் போக வேண்டுவதில்லை. உலகப் புகழ்பெற்ற வைரமொன்று விலைபேசப்பட்டுக் கைம்மாறியது நம் சென்னைக் கோட்டையிலேயாம்.

1698 முதல் 1709 வரை சென்னைப் புனித ஜார்ஜ் கோட்டையில் கவர்னராயிருந்தவர் தாமஸ் பிட் என்பவர். நம் பகுதியினர் அவரை மறத்தற்கில்லை. திருவொற்றியூர், கத்திவாக்கம், சாத்தங்காடு, வியாசர்பாடி, நுங்கம்பாக்கம் என்னும் ஐந்து ஊர்களும் 1708இல் கம்பெனியார் கைக்கு வந்தது இவர் ஆட்சியிலேதான். இன்று சரக்குப்பெட்டி வண்டிகள் இரவும் பகலும் வரிசையாய் நிற்கும் எண்ணூர் நெடுஞ்சாலைப் பக்கத்து நிலத்தின் வரலாற்றில் இவர் பெயர் உண்டு. ஆயினும் ஐரோப்பா முழுதும் இவரை அறிந்தது இவ்வூர்களால் அன்று, ஒரு கல்லால். அவரை ‘வைரப் பிட்’ என்றே அழைத்தனர்.

அக்காலத்தில் கிருஷ்ணையாற்றங்கரைச் சுரங்கங்களில் எடுத்த வைரம், வணிகர் மடிகளில் ஒளிந்து சென்னைக்கு வந்து, இங்கிருந்து கப்பலேறி இலண்டன் சேர்ந்தது. இலண்டனிலிருந்து யூத வணிகர் மத்தியதரைக் கடற்பவளத்தை அனுப்பி, அதற்கு மாறாக வைரம் பெற்றனர். அவ்வணிகத்தின் சுவடு இன்றும் ஜார்ஜ் டவுனில் பவளக்காரத் தெரு என்னும் பெயராய் நிற்கிறது. அவ்வழியே நாள்தோறும் துறைமுகத்துக்கும் சந்தைக்கும் செல்லும் நம்மவருள் எத்தனை பேர் அப்பெயரின் காரணத்தை எண்ணிப் பார்த்தனரோ!

ஜாம்சந்த் என்னும் பெருவணிகர் கவர்னரிடம் ஒரு பட்டை தீட்டாத பெருங்கல்லைக் கொணர்ந்தார். கேட்ட விலை 2,00,000 வராகன். கவர்னர் சொன்னது 30,000. பேரம் நாட்கணக்கில் ஏறியிறங்கி, 1702இல் 48,000 வராகனுக்கு முடிந்தது. ஒரு வராகனுக்கு எட்டரைச் சில்லிங்கு வீதம் ஆங்கிலப் பணத்தில் இது 20,400 பவுன். கல் இலண்டன் சென்றது; 1704 முதல் 1706 வரை ஈராண்டுகள் பட்டை தீட்டப்பட்டது; அதற்கான செலவு ஏறத்தாழ 5,000 பவுன். அதன்பின் வாங்குவார் இன்றிப் பல்லாண்டு கிடந்து, 1717இல் பிரான்சு நாட்டை இளவயது மன்னர்க்காக ஆண்ட ஓர்லியான்சுக் கோமகனுக்கு 1,35,000 பவுனுக்கு விற்கப்பட்டது. ‘ரீஜெண்டு’ என்று இன்று வழங்கும் வைரம் இதுவே.

கேட்டது இரண்டு இலட்சம், கொடுத்தது நாற்பத்தெட்டாயிரம், விற்றது அதனினும் ஆறரை மடங்குக்கு மேல். இவற்றுள் எது அக்கல்லின் விலை?

நிறை

முதற்கண் நிறையைக் காண்போம். நம் பொற்கொல்லர் குன்றிமணி இரண்டு கொண்டது ஒரு மஞ்சாடி என்பர். இம்மஞ்சாடியே வைரச் சந்தையிலும் நிறைகல்லாய் இருந்தது. ஐரோப்பியர் அதனை ‘மங்கலின்’ என்று திரித்து எழுதினர். 1701 நவம்பரில் பிட் இலண்டனிலுள்ள தம் நண்பர்க்கு எழுதிய கடிதத்தில், கல்லின் நிறை 303 மஞ்சாடி, 426 காரட் எனக் குறித்தார். பிற்கால நூல்கள் 410 காரட் என்றே கூறுகின்றன. மஞ்சாடியொன்று ஒன்றே முக்கால் காரட் என்பாரும், ஒன்றேகால் அரைக்கால் காரட் என்பாரும் ஊருக்கொருவர் இருந்தமையின், இத்தகைய வேறுபாடு நேர்தல் வியப்பன்று. காரட்டே நாட்டுக்கு நாடு சிறிது வேறுபட்டது. 200 மில்லிகிராம் என அது வரையறுக்கப்பட்டது 1907ஆம் ஆண்டிற்குப் பின்னர்தான். ஆகவே ரீஜெண்டு வைரத்தின் நிறை பழைய நூல்களில் 136¾ காரட் எனவும், இக்கால நூல்களில் 140.64 காரட் எனவும் காணப்படும். கல் வளரவில்லை, நிறைகல்லே சிறுத்தது.

எனவே பழைய ஏட்டில் நிறை எழுதப்பட்டிருப்பினும், எவ்வூர் நிறை, எக்காலத்து நிறை என்று கேளாமல் விலை கணித்தல் ஆகாது. நிறையே எழுதப்படாத ஏடாயின் கூறவும் வேண்டுமோ!

நீரும் குற்றமும்

நிறைக்கு அடுத்தது கல்லின் தன்மை. நம் முன்னோர் இதில் கண்ணுடையராய் இருந்தனர். சிலப்பதிகாரத்தில் மதுரை மாநகர் மணிக்கடைகளைக் கூறுமிடத்து, வைரத்துக்குரிய குற்றங்களை இளங்கோவடிகள் பெயர் சுட்டி வகுத்துள்ளார். விந்து என்னும் புள்ளியும், காக்கைக் கால்போற் கிளைத்த பிளவும் இன்றும் உருப்பெருக்கிக் கண்ணாடியில் வணிகர் தேடுவனவே. வராகமிகிரர் தம் பிருகத்சம்கிதையில் இருபது அரிசி நிறையுள்ள வைரத்துக்கு இரண்டு இலட்சம் என விலை வகுத்து, நிறை குறையுந்தோறும் விலை அதனினும் விரைந்து குறையுமென்று படிப்படியாகக் காட்டினார். அஃதாவது, பாதி நிறையுள்ள கல்லுக்குப் பாதி விலை என்பது வைரத்தில் இல்லை. பொன்னுக்கும் வைரத்துக்கும் உள்ள முதல் வேற்றுமை இதுவே. எம் பெருக்கற் கணக்கு வழுக்கிய இடமும் இதுவே.

பெருக்குவிதியும் அதன் எல்லையும்

மேல்நாட்டாரும் இதனை உணர்ந்து ஒரு விதி கண்டனர். பிரெஞ்சு வணிகராகிய தாவெர்னியே, 1652இல் நம் சென்னைக் கோட்டைக்கும் வந்து சென்றவர், நிறையை நிறையாற் பெருக்கி, வருவதை ஒரு காரட்டின் விலையாற் பெருக்குக என்றார். 1750இல் இலண்டன் மாநகரில் டேவிட் ஜெப்ரீஸ் என்னும் நகைவணிகர், பட்டை தீட்டிய நற்கல் ஒரு காரட்டுக்கு 8 பவுன் என்றும், தீட்டாத கல்லுக்கு 2 பவுன் என்றும் அடிப்படை வைத்து அவ்விதியையே விரித்தெழுதினார்.

இவ்விதியை ரீஜெண்டு வைரத்தின்மேல் ஏற்றிப் பார்ப்போம். 136¾ஐ 136¾ஆற் பெருக்க 18,700 வரும். அதனை எட்டாற் பெருக்க 1,49,600 பவுன். உண்மையில் விற்றது 1,35,000. விதி நன்றாகவே பொருந்துகிறது. இனி அதே விதியைத் தீட்டாத கல்லின்மேல் ஏற்றுவோம். 410ஐ 410ஆற் பெருக்க 1,68,100. அதனை இரண்டாற் பெருக்க 3,36,200 பவுன். சென்னையில் கொடுத்ததோ 20,400. பதினாறில் ஒரு பங்கு! ஒரே கல், ஒரே விதி. ஓரிடத்துப் பொருந்தி ஓரிடத்துப் பொய்த்தது.

ஏன் பொய்த்தது? தீட்டினால் நிறையிற் பாதி போகும் என்பது விதியின் எண்ணம். இக்கல்லிலோ மூன்றில் இரண்டு பங்கு போயிற்று. உள்ளே குற்றம் உண்டோ இல்லையோ என்பது தீட்டும் வரை எவர்க்கும் தெரியாது. மேலும், இத்துணைப் பெரிய கல்லை வாங்கவல்லார் உலகில் முடிமன்னர் சிலரே. 1702இல் இலண்டன் நண்பர் கவர்னர்க்கு எழுதிய விடையில், போர் மூண்டுவிட்டது, பிரெஞ்சு மன்னர்க்கு இப்போது கல் வாங்க மனமும் இல்லை பொருளும் இல்லை என்று எச்சரித்தார். வாங்குவார் இல்லாத பொருளுக்கு விதி எழுதிய விலை விலையாகாது.

காலமும் வட்டியும்

பிட் கொள்ளை இலாபம் அடித்தார் என்று பலரும் எழுதுவர். யாமும் அவ்வாறே எண்ணியிருந்தோம். ஆயினும் நம் வீட்டுக் கணக்கு முறையால் ஒருமுறை பார்ப்போம். 1702இல் போட்ட 20,400 பவுனை, நூற்றுக்கு மாதம் ஒன்று என்னும் வட்டிக்கு விட்டு, ஆண்டுதோறும் வட்டியை முதலோடு சேர்த்தால், பதினைந்தாண்டில் அது 1,11,600க்கு மேலாகும். 1706இல் முடிந்த தீட்டுகூலி 5,000 பவுனுக்குப் பதினோராண்டு வட்டி கூட்ட 17,400 ஆகும். இரண்டும் சேர 1,29,000. விற்ற விலை 1,35,000. வெட்டியெடுத்த சிறு கற்களால் இன்னும் சில ஆயிரம் பவுன் வந்தது. ஆக, உலகம் வியக்கும் அவ்விலாபம், நம் ஊரில் வட்டிக்கு விடுவோர் கேட்கும் நூற்றுக்கு ஒரு வட்டியினும் சிறிதே மிகுந்தது!

இதனால் பிட் ஏழையாயினார் என்பது எம் கருத்தன்று. விற்பவன் பொறுக்கவல்லன் ஆயின் விலை ஏறும். பொறுக்கமாட்டான் ஆயின் இறங்கும் என்பதே கருத்து. ஜாம்சந்தால் பதினைந்தாண்டு காத்திருக்க இயலவில்லை, கவர்னரால் இயன்றது. இருவர் கூறிய விலைக்கும் இடையேயுள்ள வேற்றுமையிற் பெரும்பகுதி கல்லில் இல்லை. காத்திருக்கும் ஆற்றலில் உள்ளது.

நாணயமும் உழைப்பும்

இனிப் பழைய தொகையை நம் காலத்து அளவுக்குக் கொணர்தல் எங்ஙனம்? பொன்னால் அளக்கலாம். 1717ஆம் ஆண்டிலேயே இலண்டன் நாணயசாலைத் தலைவராயிருந்த ஐசக் நியூட்டன் கூறியவாறு ஆங்கிலப் பொன்னாணயத்தின் மதிப்பு உறுதிப்படுத்தப்பட்டது. அவ்வளவையால், ஒரு பவுன் பணம் என்பது ஏறத்தாழ நம் ஒரு சவரன் பொன்னுக்கு இணை. எனவே கல்லை வாங்கியது ஏறத்தாழ 20,400 சவரனுக்கு. விற்றது 1,35,000 சவரனுக்கு.

சம்பளத்தால் அளக்கலாம். கவர்னரின் சம்பளம் ஆண்டுக்கு ஏறத்தாழ 300 பவுன். அச்சம்பளத்தால் இக்கல்லை வாங்க 68 ஆண்டு ஆகும். தம் சொந்த வாணிகம் இன்றி அவர் அதனை வாங்கியிருத்தல் இயலாது என்பது இதனால் விளங்கும்.

கூலியாலும் அளக்கலாம். தாவெர்னியே, பிட்டுக்கு அரை நூற்றாண்டு முன்னர், இராவல்கொண்டாச் சுரங்கத்தில் கைதேர்ந்த தொழிலாளி ஆண்டுக்குப் பெற்றது மூன்று வராகன் என்று எழுதினார். 48,000 வராகன் என்பது அத்தகைய ஒருவனுக்குப் பதினாறாயிரம் ஆண்டுக் கூலி! இக்கல்லை எடுத்தவன் ஓர் அடிமை, தன் கெண்டைக்காலைக் கிழித்து அப்புண்ணில் ஒளித்துக் கொணர்ந்தான், கப்பற்றலைவன் ஒருவன் அவனைக் கொன்று கல்லைக் கவர்ந்தான் என ஒரு கதை உண்டு. அது கதையே, சான்றில்லை. ஆயினும் அக்கதை பிறந்த இடத்தில் கூலியின் சிறுமையும் கல்லின் பெருமையும் அருகருகே கிடந்தன என்பது கதையன்று.

பொன்னளவு ஒன்று கூறும், சம்பள அளவு ஒன்று கூறும், கூலி அளவு பிறிதொன்று கூறும். மூன்றும் மெய்யே. எவ்வளவையால் அளந்தோம் என்று சொல்லாமல் விடையை மட்டும் சொல்வது பொய்க்கு அணித்தாம்.

எழுதியவர் யார்?

தாவெர்னியே சுரங்கச் சந்தையிற் கண்ட ஒரு வழக்கத்தையும் கூறுகிறார். வாங்குவோரும் விற்போரும் எதிரெதிரே அமர்ந்து, துணியின் மறைவில் கைகோத்து, வாய் பேசாமலே விலை பேசுவராம். கை முழுதும் பற்றினால் ஆயிரம், ஒரு விரல் நூறு, பாதி விரல் ஐம்பது, விரல்நுனி பத்து. நம் மாட்டுச் சந்தையில் துண்டு போட்டுப் பேசும் பேரம் இதுவே அன்றோ! அருகில் நிற்பார்க்கும் தெரியாத விலையைப் பின்வரும் வரலாற்றாசிரியன் எங்ஙனம் அறிவான்?

பிட்டின் பேரத்தை நாம் அறிவது எவ்வாறு? கல்லை அவர் அச்சுறுத்திப் பறித்தார் என்று ஊரில் பழி எழுந்தமையால், 1710இல் தாயகம் திரும்பும் வழியில், நார்வே நாட்டுப் பெர்கென் நகரில் தங்கியிருந்து, நடந்த பேரத்தையெல்லாம் தம் கையால் எழுதி, கடவுள்மேல் ஆணையிட்டு முடித்து வைத்தார். அவ்வோலையே நமக்குள்ள சான்று. ஜாம்சந்து எழுதியது ஒரு வரியும் நம் கைக்கு எட்டவில்லை. வாங்கினவன் வாய்மொழி உண்டு. விற்றவன் வாய்மொழி இல்லை. ஓலை பொய் என்று யாம் கூறவில்லை. எழுத்தாணி ஒருவர் கையிலேயே இருந்தது என்கிறோம்.

இவ்விடத்தை எழுதும்போதுதான், தைமாதத்தில் எம் முன் விரித்த அப்பத்திரம் எம் நினைவில் எழுந்தது.

மீண்டும் அப்பத்திரம்

1936ஆம் ஆண்டின் நிலைமையை நோக்குவோம். உலக வாணிகம் நலிந்த காலம் அது. வைரம் வாங்குவார் இன்றி, தென்னாப்பிரிக்காவில் தெ பீர்ஸ் கம்பெனியார் 1932இல் தம் சுரங்கங்களையெல்லாம் மூடினர். நம் தாய்மார் பெருமையாகக் கூறும் ‘புளூ ஜாகர்’ என்னும் பெயரும் அந்நாட்டு ஜாகர்ஸ்பாண்டெயின் சுரங்கத்தால் வந்ததே. ஆதலின் அங்கு மூண்ட முடை நம் கடைத்தெருவையும் தொட்டது. அதே வேளையில், 1931இல் இங்கிலாந்து பொன்னளவையைக் கைவிட்டதும் நம் நாட்டில் பொன்விலை ஏறிற்று. வீட்டுப் பொன்னையெல்லாம் விற்றுக் கப்பலேற்றினர். வைரம் தாழ்ந்து பொன் உயர்ந்த அவ்வாண்டில், வைரத்தைப் பொன்னால் அளந்த எம் கணக்கு எத்துணைப் பிழையுடையது என்பதை அன்பர்களே உணர்வர்.

இனிப் பத்திரத்தில் நிறை இல்லை, கற்களின் எண்ணிக்கை இல்லை, நீர் இல்லை, மதித்தவர் பெயர் இல்லை. இருப்பது ‘ரூபாய் 600’ என்னும் எழுத்து மட்டும். அதனை எழுதியவர் தமையன்மார். மதிப்பை ஏற்றி எழுதினால் அவர்கள் கொடுக்கக் கடவது குறையும். ஆதலின் ஏற்றியெழுத அவர்களுக்கு ஏது உண்டு. எழுதினர் என்பதற்குச் சான்று இல்லை. அவ்வம்மையார் அதனை ஒப்பினாரா என்பதற்கும் சான்று இல்லை. ஏனெனில் பத்திரத்தில் அவர் கையொப்பமே இல்லை. அந்நாளைச் சட்டம் மூதாதையர் சொத்தில் பெண்மகளுக்குப் பங்கு வைக்கவில்லை. 1956ஆம் ஆண்டு வாரிசுரிமைச் சட்டமும், தமிழ்நாட்டில் 1989ஆம் ஆண்டுத் திருத்தமும் பின்னரே வந்தன. தமையன்மார் கொடுத்ததைப் பெற்றுக்கொண்டு வாய் மூடியிருத்தலே அவர்க்கு இருந்த வழி.

ஆகவே யாம் அவ்விருவரையும் மறுபடி அழைத்து, முன்னர்க் கூறிய தொகையை மீட்டுக்கொண்டோம். “தோட்டின் அன்றைய விலை என்னால் கூற இயலாது, இந்த ஏட்டைக் கொண்டு எவராலும் இயலாது. கூறக்கூடியது ஒன்று: ஒரு பெண்மணியின் பங்கை இருவர் மதித்தனர், அவரை எவரும் கேட்கவில்லை” என்றோம். இருவரும் சிறிது நேரம் பேசவில்லை. தமையன் வழியார் பத்திரத்தை வாங்கி, கையொப்பங்கள் உள்ள இறுதிப் பக்கத்தை நெடுநேரம் பார்த்திருந்தார். சென்ற மாதம் அவர் பேத்திக்குக் காதுகுத்து. தங்கை வழியார்க்கு அழைப்புப் போயிற்று. அவரும் வந்து உணவருந்திச் சென்றார். இவ்வளவே யாம் அறிவோம்.

முடிவுரை

இவ்வாற்றால் அறியத்தக்கன யாவை? பண்டை விலை என்பது ஒரு தொகையன்று. நிறை, நீர், நாணயம், காலம், விற்பவன் முடை, வாங்குபவன் வலிமை, எழுதியவன் நோக்கம் ஆகிய இவையெல்லாம் சேர்ந்த ஒரு நிகழ்ச்சி அது. ரீஜெண்டு வைரத்துக்கு 1791இல் பிரான்சு அரசினர் ஒரு கோடியே இருபது இலட்சம் லிவர் என மதிப்பெழுதினர். மறு ஆண்டே அது களவுபோயிற்று. பின்னர் மீண்டு, நெப்போலியன் வாளில் ஏறி, 1887 முதல் லூவர் அரும்பொருளகத்துப் பொருளாயிற்று. இனி அது விலைக்கு வாராது. வாராத பொருளுக்கு எத்துணை மதிப்பெழுதினும் அது சொல்லே.

நம் வீட்டுக் கற்களோ விலைக்கு வருவன, பங்குக்கும் வருவன. இந்நாளில் ஆய்வுக்கூடத்தில் வளர்த்த வைரமும் கடைக்கு வந்துவிட்டமையால், பட்டியின்றி வைத்திருக்கும் கல்லைப் பற்றி நாளை ஐயம் எழும். ஆதலின் நம் சங்கத்துக் குடும்பத்தார்க்கு யாம் வேண்டிக்கொள்வது இது: மகளுக்குக் கொடுக்கும் நகையாயினும் மக்கள் பகிரும் நகையாயினும், கல்லின் எண்ணிக்கை, காரட்டும் சென்டுமாக நிறை, நீரும் குற்றமும், மதித்தவர் பெயர், மதித்த நாள் ஆகியவற்றைத் தவறாது எழுதி வைமின். மதிப்பவர் பங்குபெறுவோருள் ஒருவராய் இராதிருக்கட்டும். எல்லாவற்றினும் மேலாக, எவர் பங்கு எழுதப்படுகிறதோ அவர் அதனைப் படித்து ஒப்பிக் கையொப்பமிடுக. பிற்காலத்து வரலாற்றாசிரியனுக்கு அது உதவும் என்பதற்காக அன்று. ஒரு வயிற்றிற் பிறந்தார் வழியினர் ஒரு பந்தியில் அமர்ந்து உண்பதற்காக.